எல்லோரையும் ஒரே நாளில் மாற்றிவிடாதே

சத்துவாச்சாரி, வேலூர்

அன்பு மகளுக்கு,

எட்டு ஆண்டுகளாக ஓடும் உங்கள் நகைச்சுவை நிகழ்ச்சியின் நடிகர்கள் ஒன்பது பேரையும் நீக்கிவிட்டு, அடுத்த சீசனை முழுவதும் புதியவர்களைக் கொண்டு தொடங்க வேண்டும் என்று மேலிடம் விரும்புவதாகவும், வெள்ளிக்கிழமைக்குள் உன் கருத்தை எழுதித் தர வேண்டும் என்றும் தொலைபேசியில் சொன்னாய். அப்போது நான் சரியாகப் பதில் சொல்லவில்லை. இரண்டு நாள் யோசித்த பிறகு எழுதுகிறேன்.

பொங்கலுக்கு வந்திருந்தபோது ‘சாட்டர்டே நைட் லைவ்’ என்ற அமெரிக்க நகைச்சுவை நிகழ்ச்சியை எனக்குப் போட்டுக் காட்டினாய் அல்லவா? நீ சென்னைக்குப் போன பிறகும் அதைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருந்தேன். 1975 அக்டோபர் 11 அன்று நியூயார்க்கில் தொடங்கி, ஐம்பது சீசன்களைக் கடந்து இன்னும் ஓடுகிறது. முதல் குழுவில் இருந்த ஒருவரும் இன்று அதில் நடிகராக இல்லை. இருந்தும் பார்ப்பவர்களுக்கு அது அதே நிகழ்ச்சிதான். செவி சேஸ் என்ற பெரிய பெயர் இரண்டாவது சீசனிலேயே விலகியபோது, 1977 தொடக்கத்தில் பில் மர்ரே வந்து சேர்ந்தார். மற்றவர்கள் அப்படியே இருந்ததால் புதியவர் நின்று பழக இடம் இருந்தது.

1980இல் நடந்ததுதான் நீ உன் கடிதத்தில் கட்டாயம் எழுத வேண்டியது. நிகழ்ச்சியை உருவாக்கிய லோர்ன் மைக்கேல்ஸ் அந்த ஆண்டு விலக, நடிகர்கள் அனைவரும் அவரோடு போய்விட்டார்கள். புதிதாகப் பொறுப்பேற்ற ஜீன் டுமேனியன் முற்றிலும் புதிய முகங்களோடு தொடங்கினார்; அந்த சீசன் முடிவதற்குள்ளேயே அவர் நீக்கப்பட்டார். பின்னால் பொறுப்பேற்ற டிக் எபர்சால், டுமேனியன் சேர்த்த நடிகர்களில் எடி மர்ஃபி, ஜோ பிஸ்கோபோ என்ற இருவரை மட்டுமே அடுத்த சீசனுக்கு வைத்துக்கொண்டார். மர்ஃபிக்குச் சேரும்போது வயது 19. முதலில் பின்வரிசையில் பெயர் வந்தவர். பிற்பாடு நிகழ்ச்சியைத் தாங்கி நிறுத்தியவரே அவர்தான் என்றால், அந்தக் குழுவில் திறமைக்குக் குறைவில்லை என்றுதானே பொருள்? அவர்களுக்கு அந்த மேடையின் வேகத்தைப் பழக்கிவிட ஒரு பழைய நடிகர்கூட உடன் இல்லை என்பதே குறை என்று எனக்குத் தோன்றுகிறது.

மைக்கேல்ஸ் 1985இல் திரும்பி வந்தபோது அவரும் ராபர்ட் டவுனி ஜூனியர் போன்ற புதியவர்களைக் கொண்டே குழுவை அமைத்து அதே பள்ளத்தில் விழுந்தார். 1986 மே மாதம் சீசனின் கடைசி நிகழ்ச்சியில், நடிகர்கள் இருக்கும் அறை தீப்பிடித்து எரிவது போலவும், அவர் ஜான் லோவிட்ஸை மட்டும் காப்பாற்றுவது போலவும் ஒரு காட்சி வைத்தார்கள். அடுத்த சீசனில் லோவிட்ஸ், நோரா டன், டென்னிஸ் மில்லர் முதலிய சிலரை வைத்துக்கொண்டு டேனா கார்வி, ஃபில் ஹார்ட்மன், கெவின் நீலன் போன்றவர்களைச் சேர்த்தார்; அந்தக் குழு நிலைத்தது.

1995இல் ஆடம் சாண்ட்லர், கிறிஸ் ஃபார்லி போன்றவர்களையே அனுப்பிவிட்டு வில் ஃபெரல் முதலியோரைக் கொண்டுவந்து வெற்றி பெற்றார்களே என்று மேலிடம் உன்னைக் கேட்கலாம். அப்போதும் டேவிட் ஸ்பேட், டிம் மெடோஸ், மாலி ஷானன் போன்றவர்கள் உள்ளே இருந்தார்கள் என்பதை எடுத்துச் சொல். 2022இல் எட்டுப் பேர் போனபோது நால்வரைத்தான் சேர்த்தார்கள். 2025இல் அந்த நால்வரிலும் இருவர் வெளியேற, ஐந்து பேர் புதிதாக வந்தார்கள். இத்தனை வரவு செலவுக்கு நடுவில் 2003இல் சேர்ந்த கீனன் தாம்சன் இன்னும் இருக்கிறார்.

இதைப் படிக்கும்போதெல்லாம் கலவை என்ற ஊருக்குப் பக்கத்தில் நம் ஊரில், தெருக்கூத்தில் கோமாளியாக வந்து கதையை நடத்தும் கட்டியக்காரன் வேஷம் கட்டிய என் பெரியப்பாதான் நினைவுக்கு வந்தார். அவருடைய ஜமாவில், அதாவது கூத்துக் குழுவில், புதிதாகச் சேரும் பையன் முதல் வருஷம் திரை பிடிப்பான், ஆட்டக்காரர்களுக்குக் கச்சை கட்டிவிடுவான், பின்பாட்டுக்கு நிற்பான். குரல் உடையும்வரை ஸ்திரீ வேஷம். விடிய விடிய நடக்கும் கூத்தில் எந்த இடத்தில் ஊர்ச்சனம் கண் அயரும், எந்த இடத்தில் கட்டியக்காரன் புகுந்து எழுப்ப வேண்டும் என்பதைத் திரைக்குப் பின்னால் நின்றே பல வருஷம் கேட்டுப் பழகிய பிறகுதான் அவனுக்குக் கட்டை வேஷம், அதாவது மர அணிகள் பூணும் முக்கிய வேஷம், கிடைக்கும். அமெரிக்க நிகழ்ச்சியிலும் புதியவர்களின் பெயர் தனியாகப் பின்னால்தான் வருகிறது. முன்வரிசைக்கு வரச் சில சீசன்கள் ஆகும். எழுத வந்தவர்கள் நடிக்க வருவதும் உண்டு. டீனா ஃபே 1997இல் எழுத்தாளராகச் சேர்ந்து 2000இல் திரைக்கு வந்தார். உங்கள் எழுத்தாளர் அறையில் அப்படி யாராவது இருக்கிறார்களா என்று முதலில் பார். வெளியில் ஆடிஷன் வைப்பதெல்லாம் அதற்குப் பிறகு.

ஒன்பது பேரில் மூவரையோ நால்வரையோ மட்டும் இந்த ஆண்டு மாற்றும்படி எழுது. புதிதாக வருபவர்களுக்கு முதல் சீசனில் சிறிய பாத்திரங்களையே கொடுங்கள். ஒவ்வொரு காட்சியிலும் ஒரு பழையவராவது உடன் இருக்கட்டும். மூதாட்டி வேஷம் போடுகிறாரே, அவரைக் கடைசிவரை விடாதே. வசனம் தடுமாறும் நடிகரை அவர் கண்ணாலேயே கரையேற்றுவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். அந்தப் பழக்கம் இரண்டு பேருக்காவது கைமாறும்வரை அவர் அங்கே இருக்க வேண்டும்.

விலகப் போகிறவர்களிடம் நீயே நேரில் போய்ச் சொல், அம்மா. தொலைபேசியில் வேண்டாம். பெரியப்பாவுக்குப் பல் விழுந்து சொல் குழறத் தொடங்கிய வருஷம், ஜமாவை நடத்திய வாத்தியார் எங்கள் வீட்டுத் திண்ணைக்கு வந்து உட்கார்ந்து சொன்னார். அந்தப் பங்குனியில் புதிய கட்டியக்காரன் ஆடியபோது பின்பாட்டுக்கு நின்றவர் பெரியப்பாதான்.

அன்புடன்,
அப்பா