இரண்டு டிஸ்க் இருந்தால் போதாது

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

குவாண்டம் கணினி வந்துவிட்டால் பிழைக்கே இடமிருக்காது என்ற பேச்சு அடிபடுகிறது. நிலைமை நேர்மாறு. சர்வரிலுள்ள ஈசிசி நினைவகத்தில் (பிழையைத் தானே திருத்தும் நினைவகம்) 64 பிட்டுக்கு 8 சரிபார்ப்பு பிட் போதும்: ஒரு பிட் 0, 1 மாறிப் புரண்டால் திருத்தும், இரண்டு புரண்டால் கண்டுபிடிக்கும். குவாண்டம் கணினியின் பிட்டான கியூபிட்டையோ படியெடுக்க முடியாது. நேரே அளந்தால் அதன் நிலை கலைந்துவிடும். அதனால்தான் கணிதவியலாளர் பீட்டர் ஷோர் 1995இல் ஒரு கியூபிட்டின் தகவலை 9 கியூபிட்டுகளில் பரப்பும் முறையைத் தந்தார். தனி கியூபிட்டைத் தொடாமல், அக்கம்பக்கத்தவை ஒத்துப்போகின்றனவா என்று மட்டும் பார்ப்பதே உத்தி.

சாதாரணக் கணினி, குவாண்டம் கணினி இரண்டுக்கும் பலவீனம் ஒன்றே: பிழைகள் தனித்தனியாகத்தான் வரும் என்ற நம்பிக்கை. விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர் பட்டால் சிப்பில் பல கியூபிட்டுகள் சேர்ந்தே கெடும். எங்கள் சுங்கை சிப்புட்டில் எல்லாம் சேர்ந்து கெட இடிமின்னல் போதும். தோட்ட ஆபீஸ்களிலும் கடைகளிலும் ஒரே பெட்டியில் இரண்டு ஹார்ட் டிஸ்கை மிரர் செய்துவிட்டு, அதாவது ஒன்றில் எழுதுவது மற்றதிலும் உடனே பதியும்படி வைத்துவிட்டு, பேக்கப் இருக்கிறது என்கிறார்கள். பவர் சப்ளை ஒன்றுதானே? மின்னல் அடித்தால் இரண்டும் போகும். தவறி அழித்த கணக்கும் அதே நொடியில் இரண்டிலும் அழியும். இன்னொரு பிரதியைத் தனி டிஸ்கில் எடுத்து, வயரைக் கழற்றி, வேறு கட்டடத்தில் வையுங்கள். மோடம் வயரும் மின்னலுக்கு வழிதான். மாதம் ஒருமுறை அந்தப் பிரதியிலிருந்து ஒரு கோப்பையாவது திறந்து பாருங்கள்.

கணினிப் பராமரிப்பாளர்கள்,
சுங்கை சிப்புட், பேராக்