பூனையின் சர்க்கரையும் மாட்டின் முதுகும்

அன்புள்ள சேகருக்கு,

கடிதம் கிடைத்தது. மகளுக்கு வேலை கிடைத்ததில் எங்கள் எல்லோருக்கும் மகிழ்ச்சி. பூனை விஷயத்தில் மட்டும் நீ அவசரப்படுகிறாய்.

ரத்தச் சர்க்கரை 240 என்று வந்துவிட்டதாம், உடனே இன்சுலின் விலையை விசாரிக்கிறாய். கூடைக்குள் திணித்து, ஆட்டோவில் குலுக்கி, நாய்கள் குரைக்கும் இடத்தில் காக்க வைத்து எடுத்த ரத்தம் அது. பயந்த பூனைக்கு அட்ரினலின் ஏறும். கல்லீரல் சேமித்து வைத்த சர்க்கரையை ரத்தத்தில் கொட்டிவிடும். நீரிழிவே இல்லாத பூனைக்குக்கூட 300ஐத் தாண்டுவதுண்டு. ஃப்ரக்டோசமைன் சோதனை கேள். கடந்த ஒன்றிரண்டு வாரங்களின் நிலவரத்தை அது காட்டும். ஒரு நாள் பயம் அதை அசைக்காது. நிறையத் தண்ணீர் குடிக்கிறதா, மணல் தட்டு வழக்கத்தைவிட நனைகிறதா, நன்றாகத் தின்றும் மெலிகிறதா என்பதையெல்லாம் குறித்துக்கொண்டு போ. கூடையை இன்றே பரணிலிருந்து இறக்கி, பழைய துணி விரித்துக் கூடத்தில் திறந்து வை. தானாக அதில் படுத்துத் தூங்கப் பழகினால் அடுத்த முறை பாதிப் போராட்டம் இருக்காது.

விலங்கின் குணத்தைப் பார்ப்பது மருத்துவத்தில் ஓர் உபரி வேலை என்றுதான் பலர் நினைக்கிறார்கள். எனக்கோ முதல் சோதனையே அதுதான். போன வாரம் ஒரு கலப்பினப் பசு. தீனி எடுக்கவில்லை, பால் குறைந்துவிட்டது என்றார் வீட்டுக்காரர். பால் கறக்கும் அம்மா மட்டும், "படுக்கவே யோசிக்கிறது" என்றார். எனக்கு அந்த ஒரு சொல் போதும். வாசலில் நின்று பார்த்தேன். முதுகைக் கூனி, முன்னங்கால்களை அகட்டி நின்றது. தோளுக்கு மேலே தோலைக் கிள்ளினால் நல்ல மாடு முதுகைத் தாழ்த்தும். இது விறைத்துக்கொண்டு முனகியது. வைக்கோல் போருக்குப் பக்கத்திலேயே வீடு கட்டுகிறார்கள், கீழெல்லாம் கட்டுக்கம்பித் துண்டுகள். மாடு நாக்கால் வாரி விழுங்கிவிட்டுப் பிறகுதான் அசைபோடும், கம்பியைப் பிரித்தெடுக்கத் தெரியாது. இரண்டாவது இரைப்பையில் தங்கும் கம்பி முன்பக்கம் குத்தினால் வயிற்றையும் நெஞ்சையும் பிரிக்கும் உதரவிதானம், அதையும் தாண்டினால் இதயம். நல்லவேளை, இதயம் வரை போனதற்கு அடையாளமாகக் கழுத்து ரத்தக்குழாய் புடைக்கவில்லை, கழுத்தடியில் தொங்கும் அலைதாடி வீங்கவில்லை. வயிற்றுக்குள் காந்தம் செலுத்தி, ஊசி போட்டு, முன்னங்கால்கள் உயரமாக இருக்கும்படி மேடை அமைத்துக் கட்டச் சொன்னேன். தேறி வருகிறது. அந்த அம்மா சொன்னதை யாரும் காதில் போட்டுக்கொள்ளாததுதான் எனக்கு ஆத்திரம்.

உன் பக்கத்து வீட்டு நாய் திடீரென்று கடிக்க வருகிறது என்று எழுதியிருந்தாயே, அதற்கு வயதென்ன? கிழட்டு நாயானால் திட்டுவதற்கு முன் காது, பல், இடுப்பு மூன்றையும் காட்டச் சொல். வலிக்கிற இடத்தைத் தொட்டால் சாதுவான நாயும் பல்லைக் காட்டும்.

சோதனை முடிவு வந்ததும் எழுது. அதுவரை இன்சுலின் வாங்காதே.

அன்புடன்,
கண்ணன்