ஜெஜாந்தாஸ் பாலத்தில் சந்திப்போம்

அன்புள்ள செல்வத்துக்கு,

நலம். முழங்கால் வலியைக் கணக்கில் சேர்க்காமல் இப்படி எழுதுகிறேன். பேத்தியின் பட்டமளிப்பு விழாவுக்காகச் சுங்கை பட்டாணியிலிருந்து தஞ்சோங் மாலிம் வரை இந்த வயதில் நானே காரை ஓட்டிக்கொண்டு போகத்தான் வேண்டுமா, மகனிடம் சொல்லக் கூடாதா என்று நீ கடிந்து எழுதியிருந்த கடிதம், நாங்கள் போய்த் திரும்பிய மறுநாள் வந்து சேர்ந்தது. ஆகவே உன் அறிவுரையை மீறிய குற்றம் எனக்கு இல்லை.

1922-இல் மலாய் ஆசிரியர்களுக்கென்று தொடங்கிய கல்லூரி இன்று பல்கலைக்கழகமாகி, அங்கே நம் வீட்டுப் பெண் தமிழ்மொழிக் கல்வியில் பட்டம் வாங்கியதைப் பார்த்தபோது, எனக்கும் கொஞ்சம் கண் கலங்கியது. விழாவைப் பற்றி இதற்கு மேல் நான் எழுதுவதற்கில்லை. என் மனைவி உன் வீட்டம்மாவிடம் தொலைபேசியில் ஒன்றரை மணி நேரம் பேசி, மேடையில் கட்டியிருந்த துணியின் நிறம்வரை சொல்லி முடித்துவிட்டாள். எனக்கு மிச்சம் இருப்பது வழியில் நாங்கள் நின்ற இடங்கள் மட்டுமே.

வடக்கு தெற்கு நெடுஞ்சாலையில் ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தூரம். நாற்பது வயதில் இதை நான் மூன்றே மணி நேரத்தில், ஓரிடத்தில்கூட நிற்காமல் ஓட்டியிருக்கிறேன். அதைப் பெருமையாகவும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். இந்த முறை ஆறு மணி நேரம் ஆனது. முழங்கால் ஒரு மணி நேரத்துக்கு மேல் மடங்கியிருக்க மறுக்கிறது, சர்க்கரை மாத்திரை சாப்பிடுகிறவனுக்கு வேறு அவசரங்களும் உண்டு. எனவே நிற்பதைப் பயணத்தின் ஒரு பகுதியாகவே வைத்துக்கொண்டு, ஒவ்வோர் இடத்திலும் இறங்கி நடந்து, பார்த்து, பிறகே புறப்படுவது என்று இருவரும் முடிவு செய்தோம்.

முதலில் நின்றது சாங்காட் ஜெரிங்கைக் கடந்து ஒரு சிறிய ஹெந்தியான் செபெலாவில். நெடுஞ்சாலை ஓய்விடங்கள் எல்லாவற்றையும் நம்மில் பலர் ஆர் அண்ட் ஆர் என்றே சொல்லிவிடுகிறோம். உண்மையில் சாப்பாட்டுக் கடைகளும் பெட்ரோல் நிலையமும் பெரிய வண்டி நிறுத்துமிடமும் உள்ள 'ரேஹாட் டான் ராவாட்' வேறு, கழிப்பறையும் தொழுகை அறையும் நாலைந்து சிமெண்டு மேசைகளும் மட்டும் உள்ள இந்தச் சாலையோர நிறுத்தம் வேறு. எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கிறது. அங்கே பாட்டு கிடையாது, விளம்பரப் பலகை கிடையாது, யாரும் கூவி அழைப்பதில்லை. வண்டியை மர நிழலில் விட்டு, இருக்கையைச் சாய்த்து, கடிகாரம் பார்த்து இருபது நிமிடம் தூங்கினேன். என் மனைவி ஒரு மேசையில் உட்கார்ந்து, குப்பைத் தொட்டியைக் கிளறிக்கொண்டிருந்த குரங்குகளிடமிருந்து எங்கள் பையைக் காப்பாற்றிக்கொண்டிருந்தாள். கோலகங்சாரைத் தாண்டினால் மெனோரா சுரங்கப்பாதை வரும் என்பதும், அந்த வட்டாரத்து ஏற்ற இறக்கங்களில் பார லாரிகள் கட்டுப்பாடு இழந்து எத்தனை விபத்துகள் நடந்திருக்கின்றன என்பதும் உனக்குத் தெரியும். கண் செருகும் நிலையில் அந்த இடத்துக்குள் போகக் கூடாது என்பதில் மட்டும் நான் உன் பேச்சைக் கேட்கிறவன்.

அடுத்தது சுங்கை பேராக். பசியாறலாம் என்று இறங்கினோம். அன்று வெள்ளிக்கிழமை, என் மனைவி மரக்கறிதான் சாப்பிடுவாள். பத்துக் கடைகளுக்கு மேல் வரிசையாக இருந்தன. மீ கோரேங், சோத்தோ, நாசி சம்புர் என்று எல்லாம் இருந்தன. விரதக்காரருக்கு மட்டும் ஒன்றும் இல்லை. கடைசியில் ஒரு நாசி லெமாக் பொட்டலத்தை வாங்கி, சம்பாலையும் நெத்திலியையும் முட்டையையும் நான் என் தட்டுக்கு மாற்றிக்கொண்டு, சம்பால் படாத ஓரத்துச் சோற்றையும் வெள்ளரிக்காயையும் கடலையையும் அவளிடம் கொடுக்கப் போனேன். அவள் என்னைப் பார்த்த பார்வையை எழுத்தில் கொண்டுவர இயலாது. பிறகு காரிலிருந்து எலுமிச்சைச் சோற்றையும் உருளைக்கிழங்குப் பிரட்டலையும் எடுத்து வந்தாள். வாழையிலையை விரித்த மணத்துக்கு, பக்கத்து மேசையில் குழந்தைகளோடு இருந்த மலாய்க்காரப் பெண்மணி திரும்பிப் பார்த்து, என்ன சோறு என்று கேட்டார். ஒரு கரண்டி அங்கே போனது. அங்கிருந்து நாலு துண்டு குயே பலகாரம் இங்கே வந்தது. முட்டை சேர்த்திருக்கிறதா என்று கேட்டுவிட்டே என் மனைவி அதைத் தொட்டாள். முட்டை இருந்தது, நாலு துண்டையும் நான் சாப்பிட்டேன்.

அங்கே ஒரு கடையில் லாபு சாயோங் வைத்திருந்தார்கள். சுரைக்காய் வடிவத்தில், கன்னங்கரேல் என்று இருக்கும் அந்தத் தண்ணீர்க் குடத்தை நம் வீடுகளில் பார்த்திருப்பாய். சுட்டெடுத்த மண் குடத்தைச் சூட்டோடு சூடாக நெல் உமிக்குள் புதைத்து எடுப்பதால்தான் அந்தக் கறுப்பு நிறம் வருகிறது. அதை விலை பேசிக்கொண்டிருந்தபோதுதான், கோலகங்சாரை அடுத்த அந்தச் சாயோங் ஊர்ப் பக்கமாக நான் எத்தனையோ முறை 110 வேகத்தில் பறந்திருந்தும், அதன் மண்ணில் செய்த ஒரு பொருளைக் கையில் எடுத்துப் பார்க்க இத்தனை ஆண்டுகள் ஆகியிருக்கின்றன என்பது உறைத்தது. சிறிய குடம் ஒன்றை வாங்கினேன். என் மனைவி விலையைக் கேட்டாள். ஐந்து வெள்ளி குறைத்துச் சொன்னேன்.

நெடுஞ்சாலை நம்மை ஊர்களிலிருந்து பிரித்துவிட்டது என்று நீ அடிக்கடி சொல்வாய். பயிற்சிக் கல்லூரி விடுமுறை முடிந்து, பட்டர்வொர்த்தில் பஸ் ஏறி, பழைய முதலாம் எண் சாலை வழியாகக் கோலாலம்பூருக்குப் போவோமே, ஏழெட்டு மணி நேரம்! கம்பார், தாப்பா, பீடோர், சிலிம் ரிவர் என்று ஒவ்வோர் ஊரும் சன்னலுக்குள் முகத்தை நீட்டும். பீடோர் கோப்பிக் கடையில் ஓட்டுநருக்கு மட்டும் தனி மேசையும் தனிக் குழம்பும் வரும். நாம் கோப்பி ஓவைத் தட்டில் ஊற்றி ஊதிக்கொண்டிருக்கும்போதே அவர் ஹாரனை அடித்துவிடுவார். நீ பாதி வடையோடு ஓடி வருவாய். அந்தக் கழிப்பறைகளையும் நினைத்துப்பார். பழைய சாலையைப் பற்றி உருகுகிறவர்கள் அந்தக் கழிப்பறைகளை எப்படியோ மறந்துவிடுகிறார்கள். 1994 செப்டம்பர் 8-ஆம் நாள் புக்கிட் காயு ஈத்தாமிலிருந்து ஜொகூர் பாருவரை 772 கிலோமீட்டர் நெடுஞ்சாலை முழுமையாகத் திறக்கப்பட்டபோது, எனக்கு வேகத்தைவிடப் பெரிய நன்மையாகத் தெரிந்தது, நாட்டில் எங்கே போனாலும் தண்ணீர் வருகிற, காசு கேட்காத கழிப்பறை ஒன்று அடுத்த அரைமணிப் பயணத்தில் இருக்கும் என்ற நம்பிக்கைதான். பெண்களை அழைத்துக்கொண்டு பயணம் செய்தவர்களுக்கு இதன் அருமை புரியும்.

ஈப்போவுக்கு அப்பால் சுண்ணாம்புக் குன்றுகளைப் பார்த்தபடியே ஓட்டி, தாப்பாவில் நின்றோம். அங்கே கொய்யாப்பழத்தை நறுக்கி, உப்பும் புளிப்புமான அசாம் போய்த் தூள் தூவிப் பையில் போட்டுக் கொடுத்தார்கள்; பெத்தாய்க் காய்கள் கொத்துக் கொத்தாகத் தொங்கின. லாரிகள் நிற்கும் பக்கமாக நான் நடந்து போனேன். ஒரு லாரியின் அடியில் துணித் தொட்டில் கட்டி ஒருவர் படுத்திருந்தார். செருப்பைச் சக்கரத்தின் ஓரமாக ஜோடி சேர்த்து வைத்திருந்தது வீட்டு வாசலைப் போல இருந்தது. பக்கத்து லாரியின் முன்கண்ணாடியில் முனியாண்டி படமும் எலுமிச்சம்பழமும் இருந்ததைக் கண்டு, ஓட்டுநரிடம் பேச்சுக் கொடுத்தேன். கிள்ளான் துறைமுகத்துக்குச் சரக்கு கொண்டுபோகிறார். முப்பது வயதுக்குள்தான் இருக்கும். "ராத்திரி பத்து மணிக்கு மேல வந்தா இங்க எடமே கெடைக்காது சார். வெளிய போற வழியில ஓரமா போட்டுத் தூங்குவோம். தூங்காம ஓட்டுறதுக்கு அது தேவலாம்" என்றார். உண்மைதான், இரவில் எந்த ஆர் அண்ட் ஆரைக் கடந்தாலும் அதன் வாயில்வரை லாரிகள் வரிசை கட்டி நிற்பதைப் பார்க்கிறோம். கடைகளைப் புதுப்பிக்கிறார்கள், பூங்கா வைக்கிறார்கள், படம் எடுத்துக்கொள்ள அலங்கார வளைவு வைக்கிறார்கள். உறக்கம் தேவைப்படுகிறவனுக்கு இன்னும் பத்து லாரிக்கு இடம் விடுவது அதைவிட முதல் வேலை என்பது என் எண்ணம்.

இன்னொரு குறையையும் சொல்லிவிடுகிறேன். திரும்பி வரும்போது ஓர் இடத்தில் — எந்த இடம் என்பது வேண்டாம் — நிழலில் இருந்த மேசைகளில் எல்லாம் ஒரு கடையின் பெயரை ஒட்டி, வாங்காதவர்கள் உட்காரக் கூடாது என்றார்கள். முழங்கால் வலிக்கிற இரண்டு கிழங்கள் வெயிலில் நின்றோம். கிளந்தான் பக்கம் போயிருக்கிறாயே, அங்கே சாலையோரத்தில் கூரை போட்ட சின்னஞ்சிறு குடில்களுக்கு 'வகாப்' என்று பெயர். வழிப்போக்கர் களைப்பாற வேண்டும் என்று யாரோ தர்மத்துக்குக் கட்டிவைத்தவை. வகாப் பாரு என்று ஊருக்கே பெயர் இருக்கிறது. நம் தாத்தாக்கள் விட்டுவந்த ஊர்களில், தலைச்சுமையை இறக்கி வைக்கச் சுமைதாங்கிக் கல் நட்டிருந்தார்கள். பிள்ளைப்பேற்றில் இறந்த பெண்ணின் நினைவாக நடுவார்கள் என்று என் பாட்டி சொல்லியிருக்கிறாள். அந்தக் கல்லில் சுமையை இறக்கியவனிடம் யாரும் ஒரு கோப்பை தேநீர் வாங்கச் சொல்லியிருக்க மாட்டார்கள். சாலைக் கட்டணத்தை அட்டையில் கழித்துக்கொண்ட பிறகும் என்னிடம் அதைச் சொல்கிறார்கள். நான் சண்டை போடவில்லை. என் மனைவி போட்டாள். இடம் கிடைத்தது.

தாப்பாவில் உன்னை நினைத்துக்கொண்டேன் என்று சொல்லவேண்டியதில்லை. 1996 பள்ளி விடுமுறையில், நீ கோலாலம்பூரிலிருந்து வடக்கே வர, நான் தெற்கே போக, "தாப்பாவில் காலை பத்து மணிக்கு" என்று கடிதத்தில் பேசி வைத்துக்கொண்டு, நீ வடக்குப் பக்கத்து ஆர் அண்ட் ஆரிலும் நான் தெற்குப் பக்கத்து ஆர் அண்ட் ஆரிலும் இரண்டு மணி நேரம் காத்துக்கிடந்தோமே! கையில் தொலைபேசி இல்லாத காலம். நடுவில் இருந்தது இரண்டு பக்கத்து வண்டிகளும் ஒரு தடுப்பும் மட்டும்தான். ஆனால் அதைக் கடக்க ஆளுக்கு வழி கிடையாது. நான் வரவில்லை என்று நீயும், நீ வரவில்லை என்று நானும் மூன்று மாதம் எழுதாமல் இருந்தோம். இரண்டு தமிழாசிரியர்களுக்கு, எந்தப் பக்கம் என்று ஒரு சொல் சேர்த்து எழுதத் தெரியவில்லை.

இதற்குப் பரிகாரமாக ஒரு யோசனை. உன் அறுவைச் சிகிச்சை ஆறிவிட்டது, கார் ஓட்டலாம் என்று மருத்துவர் சொல்லிவிட்டதாக எழுதியிருக்கிறாய். பினாங்கில் விமானம் ஏறி ஜொகூருக்கு வந்துவிடு என்று நீ கூப்பிடுகிறாய். விமானத்தில் எனக்கு நிற்க இடமில்லை. சுங்கை பூலோவில் சாலைக்குக் குறுக்கே பாலமாகக் கட்டியிருக்கிறார்களே உணவகம், அந்த ஜெஜாந்தாஸுக்கு இரண்டு பக்கத்திலிருந்தும் படியேறி வரலாம். ஆயர் குரோவிலும் அப்படி ஒன்று உண்டு. ஆனால் அது உனக்குப் பக்கம், எனக்குத் தொலைவு. சுங்கை பூலோ என்றால் இருவருக்கும் ஏறக்குறைய 350 கிலோமீட்டர், யாரும் யாருக்காகவும் விட்டுக்கொடுத்ததாக இருக்காது. நீ கோலாலம்பூர் நகரத்துக்குள் நுழையாமல் எலைட் நெடுஞ்சாலையைப் பிடித்து வந்துவிடலாம். மேலே சன்னலோரமாக ஒரு மேசையில் உட்கார்ந்தால், காலுக்குக் கீழே ஒரு பக்கம் வண்டிகள் வடக்கே போகும், மறுபக்கம் தெற்கே போகும். மதியம் வரை பேசிவிட்டு, ஆளுக்கொரு பக்கம் இறங்கி, அடுத்த வெளிவழியில் திரும்பிக்கொண்டு, இருட்டுமுன் வழியில் எங்காவது அறை எடுத்துத் தங்கி, மறுநாள் வீடு சேரலாம்.

நீ வரும் வழியில் மாச்சாப்பிலும் பாகோவிலும் கட்டாயம் நிற்கவேண்டும். நின்றாயா என்று உன் வீட்டம்மாவிடம் தனியாகக் கேட்பேன். அவர் தங்காக்கில் இறங்கித் துணிக்கடைக்குப் போகலாம் என்று சொன்னால், திரும்பும்போது பார்க்கலாம் என்று சொல்லிவை. போகும்போது இறங்கினால் நான் மறுபடியும் இரண்டு மணி நேரம் தனியாக உட்கார்ந்திருக்க நேரும்.

அடுத்த மாதம் இரண்டாவது சனிக்கிழமை, காலை பதினொரு மணி, பாலத்தின் மேல். கீழே எந்தப் பக்கத்திலும் நிற்காதே. மரக்கறிச் சோறு நான்கு பேருக்கு இங்கிருந்து வருகிறது. வழியில் தாப்பாவில் நிற்பேன், உனக்குப் பெத்தாய் வேண்டுமென்றால் எத்தனை கொத்து என்பதை முன்னதாக எழுதிவிடு.

உன் அன்புள்ள,
கணேசன்
சுங்கை பட்டாணி