பனாஹியின் படங்களில் பெயர் போட விடுங்கள்

ஈரானின் பண்பாடு, இஸ்லாமிய வழிகாட்டல் அமைச்சகத்துக்கும் நீதித்துறைக்கும்,

மதிப்புக்குரியவர்களே, வணக்கம்.

இயக்குநர் ஜாஃபர் பனாஹிக்கு மறுபடியும் ஓராண்டுச் சிறை, இரண்டாண்டு பயணத் தடை என்று 2025 டிசம்பரில் வந்த செய்தியைப் படித்த வருத்தத்தில் இதை எழுதுகிறேன். அவர் நாட்டில் இல்லாத நேரத்தில் வழங்கிய தீர்ப்பு இது. 2010இல் விதித்த ஆறாண்டுச் சிறையும், படமெடுக்க இருபதாண்டுத் தடையும் உங்கள் கோப்பிலேயே இருக்கும், நான் விளக்க வேண்டியதில்லை. கேட்பது ஒன்றுதான்: தண்டனையை ரத்து செய்யுங்கள், அவரை வெளிப்படையாகப் படமெடுக்க விடுங்கள்.

2015இல் பெர்லினில் தங்கக் கரடி வென்ற 'டாக்ஸி' படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். பனாஹியே டாக்ஸி ஓட்டுகிறார். காருக்குள் பொருத்திய சிறிய கேமராக்களை வைத்தே ஏறக்குறைய முழுப் படமும். திருட்டு டிவிடி விற்பவர் ஏறுகிறார். விபத்தில் அடிபட்ட கணவனோடு ஒரு பெண் அழுதுகொண்டே ஏறுகிறார். மீன் கிண்ணத்தோடு இரண்டு பாட்டிகள் வருகிறார்கள். எப்படிப்பட்ட படம் 'வெளியிடத் தக்கது' என்று டீச்சர் சொல்லிக்கொடுத்த விதிகளை ஒரு சிறுமி நோட்டைப் பார்த்து வாசிக்கிறாள். எல்லாம் முடிந்து பெயர்கள் ஓடும் என்று உட்கார்ந்திருந்தால், வருவது ஓர் அறிவிப்பு மட்டும். பெயர்ப் பட்டியலுக்கு ஒப்புதல் தருவது அமைச்சகம், அதனால் ஆசைப்பட்டும் இந்தப் படத்தில் பெயர்கள் இல்லை என்கிறது அது.

யோசித்துப் பாருங்கள். சினிமாவில் உழைப்பவருக்குக் கூலிக்கு மேல் கிடைப்பது திரையில் வரும் அந்த ஒரு வரிதான். அம்மாவைத் தியேட்டருக்குக் கூட்டிப்போய், "அதோ பார், என் பேர்" என்று காட்டுவார்களே, அது. தங்கக் கரடி வாங்கிய படத்தில் உழைத்தவர்களுக்கு அது கிடைக்கவில்லை. அவர்கள் என்ன குற்றம் செய்தார்கள்?

அவர் படங்களில் அப்படி என்ன இருக்கிறது? சின்னதாக ஒன்றுக்கு ஆசைப்படும் ஒருவர் பின்னால் அவர் கேமரா நடக்கும், அவ்வளவுதான். 1995இல் வந்த 'வெள்ளை பலூன்' படத்துச் சிறுமிக்குப் புத்தாண்டுக்கு ஒரு தங்கமீன் வேண்டும். அதை ஆஸ்கருக்கு அனுப்பியதே ஈரான்தான். 'ஆஃப்சைட்' படத்துப் பெண்களுக்கு, அப்போது பெண்களை உள்ளே விடாத தெஹ்ரானின் ஆசாதி மைதானத்தில் கால்பந்து பார்க்க வேண்டும். அவர்களைப் பிடித்து வைத்திருக்கும் சிப்பாயைக்கூட அவர் கெட்டவனாகக் காட்டவில்லை. அவனுக்கு ஊரில் விட்டுவந்த மாடுகளைப் பற்றிய கவலை. இத்தனை நியாயமாக உங்கள் சிப்பாயைப் பார்த்த மனிதர் நாட்டுக்கு எதிரியா? 2019இல் நீங்களே அந்த மைதானத்தில் பெண்களுக்கு இடம் கொடுத்தீர்கள். அப்புறமும் படத்தின் மீது என்ன கோபம்?

2022இல், கைதான இயக்குநர் முகமது ரசூலோஃப் பற்றி விசாரிக்கப் போன பனாஹியையே பிடித்து உள்ளே வைத்தீர்கள். உண்ணாவிரதம் இருந்த பிறகுதான் வெளியே விட்டீர்கள். ரசூலோஃப் 2024இல் நாட்டை விட்டே போய்விட்டார். தெஹ்ரானில் ஒளிந்து ஒளிந்து எடுத்த பனாஹியின் படம் 2025இல் கான் விழாவில் தங்கப் பனை வென்றது. அதை ஆஸ்கருக்கு அனுப்பியது பிரான்ஸ்! உங்கள் தெரு, உங்கள் மொழி, உங்கள் நடிகர்கள். பெருமை மட்டும் வேறு நாட்டுக்கு. இதைவிடப் பெரிய இழப்பை எந்த எதிரி உங்களுக்குச் செய்துவிட முடியும்?

வார்த்தை தடித்திருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கானில் விருது வாங்கிய கையோடு 2025 மே மாதமே தெஹ்ரானுக்குத் திரும்பியவர் அவர். ஓடிப்போகிறவர் இல்லை. ஆகவே பணிவாகவே மறுபடி கேட்கிறேன். தண்டனையை ரத்து செய்யுங்கள். அவர் படங்களை உங்கள் மக்கள் உங்கள் தியேட்டர்களிலேயே பார்க்கட்டும். அடுத்த படத்தில் லைட் பிடித்தவர் முதல் எல்லோருடைய பெயரும் பயமில்லாமல் வர அனுமதி கொடுங்கள்.

மரியாதையுடன்,
பாரசீகம் தெரியாமலே அவர் படங்களை நேசிக்கும் ஒரு தமிழ் ரசிகன்