கவச் எதைத் தடுக்கும்?

ஆசிரியருக்கு,

எந்த ரயில் விபத்து நடந்தாலும் 'கவச் இருந்திருந்தால் தப்பித்திருக்கலாம்' என்கிறோம். எல்லா விபத்துக்கும் அது பொருந்தாது. 2020-ல் தேசியத் தானியங்கி ரயில் பாதுகாப்புக் கருவியமைப்பாக ஏற்கப்பட்ட கவச், ரயிலோடு ரயில் மோதாமல் தடுப்பதற்கானது.

ஸ்லீப்பர் கட்டைகளில் பதித்த, ரேடியோ அலையால் படிக்கக்கூடிய சிறு ஆர்.எஃப்.ஐ.டி. அட்டைகளை இன்ஜின் அடியிலுள்ள கருவி படித்து, வண்டி எங்கே ஓடுகிறது என்று அறியும். சிக்னல் நிலவரம் ஸ்டேஷனிலிருந்து ரேடியோவில் வரும். ஓட்டுநர் சிவப்பைக் கவனிக்காமல் போனாலோ வேகம் எல்லை மீறினாலோ பிரேக் தானாகவே பிடிக்கும். இன்ஜின், பாதை, ஸ்டேஷன் மூன்றிலும் கருவி வேண்டும். இன்ஜினில் மட்டும் மாட்டிப் பிரயோஜனமில்லை.

ஆனால் மூடிய கேட்டுக்கு அடியில் பைக்கைச் சாய்த்து நுழைகிறவரை அது காப்பாற்றாது. கேட்டை நெருங்கும்போது ஹாரனைத் தானாக ஒலிக்கும், அவ்வளவுதான். கேட் மூடினால்தான் ரயிலுக்குப் பச்சை விழும் இன்டர்லாக்கிங் வேறு ஏற்பாடு. இரண்டையும் செய்திகளில் பிரித்துச் சொல்லுங்கள். திருமங்கலம் பக்கம் தினமும் கேட்டில் நிற்கிற எங்களுக்கு அது அவசியம்.

அப்புறம், மதுரைக் கோட்டத்தில் எந்தப் பாதைக்குக் கவச் எப்போது வரும் என்று அதிகாரிகளிடம் கேட்டு வெளியிட வேண்டுகிறேன்.

- ஒரு வாசகர், திருமங்கலம்