வரியை மாற்றிய பிள்ளைக்கு

நல்லூர்,
யாழ்ப்பாணம்.

அன்புள்ள மகளுக்கு,

நீ அனுப்பிய திரைக்கதை கிடைத்தது. கைப்பேசியில் வாசித்தால் எனக்குக் கண் கடுக்கும் என்பதால், பக்கத்து வீட்டுத் தம்பி அதைக் கடதாசியில் எடுத்துத் தந்தான். விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்து இரண்டு தரம் முழுவதும் வாசித்தேன். அதைப் பற்றிக் கடைசியில் எழுதுகிறேன். அதற்கு முன் போன கிழமை தொலைபேசியில் நீ சொன்னதற்குப் பதில் எழுத வேண்டும். "ஆரோ எழுதினதைப் பேசிப் பேசி அலுத்துப் போச்சு அம்மா, இனி நடிப்பை விட்டிட்டு எழுதி இயக்கப் போறன்" என்றாய். நான் "யோசிச்சுச் செய்" என்று மட்டும் சொல்லிவிட்டு, முற்றத்து மாமரம் பூத்ததைப் பற்றிப் பேசத் தொடங்கினேன். அது பதில் ஆகாது என்று எனக்கும் தெரியும்.

நீ எழுதுவதிலும் இயக்குவதிலும் எனக்கு மறுப்பு இல்லை. "நடிப்பை விட்டிட்டு" என்ற சொல்தான் நெஞ்சில் முள்ளாய் நிற்கிறது. நடிப்பைக் கீழ்ப்படி என்றும் இயக்கத்தை மேற்படி என்றும் நீ எண்ணுகிறாயோ என்று நினைத்தேன். அப்பொழுது எனக்கு நினைவுக்கு வந்தவர் நடிகை சுஹாசினி. என் வயதை ஒத்தவர் என்பதாலோ என்னவோ, இளமைக் காலம் முதல் அவருடைய படங்களோடு சேர்ந்து நானும் வளர்ந்திருக்கிறேன்.

"நெஞ்சத்தைக் கிள்ளாதே" 1980இல் வந்தபோது எனக்கு இருபது வயது. விடியற்புறத்தில் ஒரு பெண் ஓடுகிறாள், அவளுடைய காலடியே பாட்டுக்குத் தாளமாகிறது. அப்பொழுது எங்கள் ஊரில் பெண்பிள்ளை வீதியில் சற்று விரைவாக நடந்தாலே வேலியோரம் கதை எழும்பிவிடும். ஆகவே படம் முடிந்து வெளியே வந்த பிறகும் அந்த ஓட்டம் என் கண்ணைவிட்டுப் போகவில்லை. அவர் நடிப்பதற்கென்று புறப்பட்டவர் அல்லர் என்பது பின்னர்தான் எனக்குத் தெரியவந்தது. சட்டத்தரணியான சாருஹாசனின் மகள், கமல்ஹாசனின் அண்ணன் மகள் என்ற உறவுகள் இருந்தும், அவர் அடையாறு திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து, ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக வேலை செய்துகொண்டிருந்த பெண். இயக்குநர் மகேந்திரன்தான் அவரைக் கமராவுக்குப் பின்னாலிருந்து முன்னால் கொண்டுவந்தார். வெளிச்சம் எங்கேயிருந்து விழுகிறது, முகத்தை எவ்வளவு திருப்பினால் நிழல் எங்கே விழும் என்பவற்றை நடிகையாவதற்கு முன்பே கற்றிருந்தவர் அவர். பத்து வருடம் நடித்த உனக்கு இன்னும் கமராவின் கண்ணாடிகளைப் பற்றித் தெரியாது என்று நீயே ஒருமுறை சொன்னாய். இயக்கும் எண்ணம் இருந்தால் முதலில் அந்தக் குறையைத் தீர்த்துக்கொள். எவரிடமாவது மூன்று மாதம் கமராப் பெட்டி தூக்கினாலும் பரவாயில்லை.

"சிந்து பைரவி" 1985இல் வந்தது. அதை நாங்கள் தியேட்டரில் பார்க்கவில்லை. ரி.வி.யும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, உன் பெரியம்மா வீட்டு முற்றத்தில் பாய் விரித்து, அயலெல்லாம் கூடியிருந்து பார்த்தோம். தெலுங்குக் கீர்த்தனைகளைப் பாடும் பெரிய பாடகரிடம், கேட்பவருக்குப் புரிகிற தமிழில் ஏன் பாடக்கூடாது என்று ஓர் இசை ஆசிரியை கேட்கிறாள். கேட்டவள் தானே எழுந்து பாடியும் காட்டுகிறாள். அந்த வேடத்துக்கு அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. பாலசந்தர் எழுதிக் கொடுத்த வசனம்தான், ஆனால் சுஹாசினி பேசும்போது இந்தப் பெண் இதைப் பல வருடம் மனதில் வைத்திருந்து இன்றைக்குத்தான் வாய் திறக்கிறாள் என்று தோன்றும். எவரோ எழுதியதைப் பேசி அலுத்துப்போனது என்கிறாயே, எவரோ எழுதியதைத் தன்னுடையதாக்கிக் காட்டிய அந்தப் பயிற்சிதான் பிற்பாடு அவரை எழுத வைத்தது என்று நான் நினைக்கிறேன்.

1988இல் மணிரத்னத்தைத் திருமணம் செய்தார். 1991இல் "பெண்" என்ற தொலைக்காட்சித் தொடரை இயக்கினார், தனித்தனிப் பெண்களின் கதைகள் அதில் வந்தன. அதைப் பார்க்க எங்களுக்கு வழி இல்லை. 1990க்குப் பிறகு போரினால் பல வருடம் இங்கே மின்சாரமே இருக்கவில்லை. சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, மிதியைக் கையால் சுற்றி, டைனமோவில் செய்தி கேட்ட காலம் அது. சுற்றுகிறவர் களைத்துப்போனால் செய்தி வாசிப்பவரின் குரலும் களைத்துப்போகும். நீ அப்பொழுது கைக்குழந்தை.

சுஹாசினி இயக்கிய "இந்திரா" 1995இல் வந்தது. அந்த வருடம் ஐப்பசி கடைசியில், போரால் ஊரே இடம்பெயர்ந்தபோது, நாங்கள் உன்னையும் தூக்கிக்கொண்டு, செம்மணி வழியாக மழைக்குள் தென்மராட்சிக்கு நடந்தோம். ஆகவே அந்தப் படத்தை, போரில் மூடியிருந்த ஏ9 பாதை திறந்தபின், 2002இலோ அடுத்த வருடமோ, சீடியில்தான் பார்த்தேன். அனு ஹாசனுக்கு அது முதற்படம், ஒளிப்பதிவு சந்தோஷ் சிவன், இசை ரஹ்மான். ஹரிணி பாடிய "நிலா காய்கிறது" உனக்கும் மனப்பாடம். சாதியால் இரண்டாகப் பிரிந்து நிற்கும் கிராமத்து மக்களைப் பற்றிய கதை. எங்கள் ஊர்க் கோயில் வாசல்களிலும் தேநீர்க் கடைகளிலும் நடந்தவற்றைக் கண்டவர்களுக்கு அது அந்நியக் கதை அல்ல. படம் முடிந்ததும் உன் அப்பா ஒன்றும் பேசாமல் எழுந்து படலைப் பக்கம் போய்விட்டார். சில இடங்களில் பாத்திரங்கள் பேசுவது மேடைப் பேச்சாக இருக்கிறது என்பது என் அபிப்பிராயம், முதற்படத்தில் எல்லாவற்றையும் சொல்லிவிட வேண்டும் என்ற அவசரமாக இருக்கலாம். உன் திரைக்கதையிலும் அந்த அவசரம் இருக்கிறது.

இரண்டு வருடம் கழித்து, 1997இல், "இருவர்" படத்துக்கு அவர் எழுதிய வசனத்தைக் கேட்டுப் பார். கூட்டத்துக்கு முன் முழங்கும் அரசியல்வாதியின் தமிழ் ஒன்று, அதே மனிதன் வீட்டுக்குள் தாழ்ந்த குரலில் பேசும் தமிழ் வேறொன்று, இரண்டையும் ஒருவரே எழுத வேண்டியிருந்தது. எந்தச் சொல்லில் மூச்சு முட்டும், எந்த இடத்தில் சொல் இல்லாமல் பார்வை போதும் என்பது தன் வாயால் பேசிப் பழகியவருக்கு எளிதில் பிடிபடும். 2010இல் "ராவணன்" படத்துக்கும் அவரே வசனம் எழுதினார். இவ்வளவுக்கும் நடுவில் நடிப்பை அவர் விடவில்லை. தமிழில் மட்டுமா, தெலுங்கு, மலையாளம், கன்னடம் என்று போய்க்கொண்டே இருந்தார்.

பெண் ஒருத்தி இப்படி வருவது புதிதும் அல்ல. தமிழின் முதற் பேசும் படமான "காளிதாஸ்" படத்தில் 1931இல் நடித்த டி. பி. ராஜலக்ஷ்மி, ஐந்து வருடத்திலேயே, தான் எழுதிய நாவலை "மிஸ் கமலா" என்று தானே தயாரித்து இயக்கினார். எங்கள் கூத்து மரபிலும் ஆடியவரே அண்ணாவியாராகிப் பிறரைப் பழக்குவார், அண்ணாவியாரான பின்னும் களரியில் ஆடுவார். ஆனால் அந்த இடத்தில் நான் கண்டவர்கள் எல்லாரும் ஆண்கள்தான்.

இனி நான் சொல்ல வேண்டிய ஒரு கடன் இருக்கிறது. உனக்குப் பன்னிரண்டு வயதில், தமிழ்த்தினப் போட்டிக்கு நான் எழுதிப் பழக்கிய நாடகத்தில் நீ கிழவியாக நடித்தாய். பிரதியில், "மகனே, நான் மிகவும் களைப்படைந்துவிட்டேன்" என்று இருந்தது. மேடையில் நீ வாங்கில் மெல்ல இருந்து, முழங்காலைத் தடவி, "காலெல்லாம் உளையுது மோனை, அந்த எண்ணெயை எடு" என்றாய். நான் பக்கத் திரைக்குள் பிரதியோடு நின்று பல்லைக் கடித்தேன். சபை முதலில் சிரித்தது, பிறகு ஒரு சத்தமும் இல்லாமல் உன்னையே பார்த்தது. எங்களுக்கு இரண்டாம் இடம் கிடைத்தது. பஸ்ஸில் வீடு வந்து சேரும் வரை, நீ வரியை மாற்றியதால்தான் முதலிடம் போனது என்று உன்னைத் திட்டிக்கொண்டே வந்தேன். நீ யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாய். நடுவர்கள் என்ன நினைத்தார்கள் என்பது எனக்குத் தெரியாது. ஆனால் அந்த நாடகத்தில் எழுதத் தெரிந்தவள் நீதான், நான் அல்ல. அதை இருபது வருடத்துக்கு மேலாக உனக்குச் சொல்லாமல் இருந்துவிட்டேன்.

அந்த வரி உனக்கு எழுதுகோலால் வரவில்லை, கிழவியாக இருந்து பார்த்ததால் வந்தது. அதனால்தான் நடிப்பை விடாதே என்கிறேன்.

இப்பொழுது உன் திரைக்கதை. ஒன்பதாவது காட்சியில் மகன் வெளிநாடு புறப்படுகிறான், தாய் படலையடியில் நிற்கிறாள். "உன்னை இழந்துவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது" என்று பேச விட்டிருக்கிறாய். எந்தத் தாயும் இங்கே அப்படிச் சொல்லமாட்டாள், உன்னை அனுப்பிய அன்றைக்கு நானும் சொல்லவில்லை. அவள், "தூள் போத்தில் மூடியை இன்னொருக்கா இறுக்கிப் பார், உடுப்பெல்லாம் கொட்டிப்போடும்" என்பாள். வான் காரன் ஹோர்ன் அடிக்கும் வரை மூடியைப் பற்றித்தான் பேசுவாள். பதினான்காவது காட்சி நன்றாக இருக்கிறது, அதில் கை வைக்காதே.

2020இல் ஊரடங்குக் காலக் கதைகளாக வந்த "புத்தம் புதுக் காலை" தொகுப்பில் சுஹாசினி இயக்கிய பகுதியை நீதான் எனக்குக் கைப்பேசியில் போட்டுக் காட்டினாய், நினைவிருக்கிறதா? படுக்கையில் கிடக்கும் தாயைப் பார்க்கப் பெண்மக்கள் வரும் கதை. தாயாக அவருடைய சொந்தத் தாயாரே நடித்திருந்தார், மகள்களில் ஒருத்தியாக அவரும் நடித்திருந்தார். உன் படத்தில் அந்தப் படலையடித் தாய்க்கு இன்னும் ஆள் கிடைக்கவில்லை என்று எழுதியிருக்கிறாய். பன்னிரண்டு வயதில் கிழவியானவளுக்கு முப்பத்துநாலில் அது பெரிய வேலையா? நீயே நடி. அந்த வரியை இரண்டு மூன்று விதமாகப் பேசிப் பதிந்து எனக்கு அனுப்பு. அடுத்த மாதம் கனடா வரும் ஒருவரிடம் தூளும் ஒடியல் மாவும் கொடுத்துவிடுகிறேன்.

அன்புடன்,
அம்மா