வசந்திக்கு, மூச்சைப் பற்றி

கோவை
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள வசந்தி,

உன் இரண்டு கடிதத்துக்கும் பதில் போடாத பாவி நான்தான். திட்டு, ஆனால் இதைப் படித்துவிட்டுத் திட்டு. இங்கே எல்லாரும் நலம். அவருக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. மாடி போர்ஷன் இன்னும் காலிதான். சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

பெரியவன் வாங்கித் தந்த கைக்கடிகாரத்தை நம்பி ஆறு மாதமாக தினமும் அரை மணி நேரம் நடக்கிறேன். முடித்ததும் 190 கலோரி என்று காட்டும். அந்த தைரியத்தில்தான் ராத்திரி மூன்றாவது சப்பாத்தி. ஒரு கிலோகூட இறங்கவில்லை. தைராய்டு, வயசு, நீ வைத்த கண் என்று எல்லாவற்றையும் குறை சொல்லிக்கொண்டிருந்தேன். உடம்பு எவ்வளவு கலோரி எரிக்கிறது என்பதை மூச்சை வைத்தே அளக்கிறாள் நம் சின்னவள். போன மாதம் அந்த ஆராய்ச்சிக்கு ஆள் போதவில்லை என்று என்னை லேபுக்குப் பிடித்துக்கொண்டு போனாள்.

வெறும் வயிறு, காப்பிகூடக் கிடையாது. படுக்கவைத்து, ஈ மொய்க்காமல் லட்டுத் தட்டை மூடுவோமே, அந்த மாதிரி ஒரு பிளாஸ்டிக் கூண்டை என் தலைமேல் கவிழ்த்தாள். கூண்டுக்குள் போகும் காற்றில் ஆக்சிஜன் 20.93 சதவீதம். வெளியே வரும்போது அது எவ்வளவு குறைந்திருக்கிறது, கரியமில வாயு எவ்வளவு கூடியிருக்கிறது, அவ்வளவுதான் கணக்கு.

எடுத்த எடுப்பில் இரண்டு வாயுக்களின் விகிதம், அதாவது விட்ட கரியமில வாயுவை எடுத்த ஆக்சிஜனால் வகுத்தது, 1.04 என்று திரையில் வந்தது. "பயப்படாதேம்மா, மெதுவா மூச்சு விடு" என்றாள். கொழுப்பு எரிந்தால் விகிதம் 0.7, மாவுச்சத்து எரிந்தால் 1. சும்மா படுத்திருக்கும்போது ஒன்றைத் தாண்டுகிறது என்றால் ரத்தத்தில் கிடந்த கரியமில வாயுவை நான் படபடப்பில் ஊதித் தள்ளுகிறேன் என்று அர்த்தமாம். முதல் ஐந்து நிமிடத்தைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை. கெமிஸ்ட்ரி லேபில் பியூரெட் குழாய் உடைந்த அன்று நம் இரண்டு பேரையும் இந்தக் கூண்டில் போட்டிருந்தால் எவ்வளவு காட்டியிருக்கும்!

அப்புறம் அடங்கியது. நிமிடத்துக்கு 190 மில்லி ஆக்சிஜன், 155 மில்லி கரியமில வாயு. லிட்டராக்கி, முதலாவதை 3.941ஆலும் இரண்டாவதை 1.106ஆலும் பெருக்கிக் கூட்டினால் 0.92 கலோரி. நாள் முழுக்க அசையாமல் கிடந்தால் 1,325. கிளாஸ்கோவில் வீர் என்பவர் 1949இல் எழுதிய சூத்திரம். "எரிந்த புரதத்தின் கணக்குக்குச் சிறுநீரில் நைட்ரஜன் பார்க்க வேண்டாமா?" என்று கேட்டேன், நானும் கெமிஸ்ட்ரிதானே. அதை விட்டுவிட்டாலும் பிழை சொற்பம் என்று அந்த மனுஷனே காட்டியிருக்கிறாராம்.

அடுத்து முகமூடி மாட்டி டிரெட்மில். என் வழக்கமான வேகம், அரை மணி நேரம். 108 கலோரி! அதிலும் 28 சும்மா கிடந்தாலே செலவாகியிருக்கும். மிச்சம் 80, சட்னி தொடாத ஒன்றரை இட்லி. கடிகாரம் நாடியையும் கையாட்டலையும் வைத்து உத்தேசமாகச் சொல்கிறது, என் மூச்சு அதற்கு எங்கே தெரியும்? அப்புறம் கனகா டீச்சரிடம் சொல், கொழுப்பு வியர்வையில் போவதில்லை. பத்து கிலோ கரைந்தால் 8.4 கிலோ கரியமில வாயுவாக மூச்சிலேயே போய்விடுகிறது, மிச்சம்தான் தண்ணீர்.

இன்னொன்று. கெமிஸ்ட்ரியில் நாம் உருப்போட்ட பிரெஞ்சுக்காரர் லவாய்சியர் 1790 வாக்கில் செகுவின் என்ற உதவியாளருக்கு முகமூடி மாட்டி இதே சோதனையைச் செய்திருக்கிறார். அதைப் படமாக வரைந்தது அவர் மனைவி மேரி ஆன். படத்தின் ஓரத்தில் மேசை போட்டுக் குறிப்பெடுக்கும் பெண்ணும் அவளேதான். ரெக்கார்ட் நோட்டு எழுதியே தேய்ந்த நமக்கு அவளைப் பற்றி யாராவது ஒரு வார்த்தை சொன்னார்களா?

வசந்தி, அம்மா ஐசியூவில் இருந்த ஒன்பது நாளும் நீ கூட இருந்தாய். மூக்குக் குழாய் வழியாக நாளுக்கு 1,000 கலோரி கொடுத்தார்கள், நினைவிருக்கிறதா? உடம்பு எடையில் கிலோவுக்கு 25 என்று போட்ட கணக்கு. அந்த 40 கிலோவும் பார்வையாலேயே போட்டதுதான், அம்மாவை யாரும் எடை பார்க்கவில்லை. வென்டிலேட்டர் குழாயிலேயே இந்தக் கருவியை மாட்டி அளக்கலாம், காய்ச்சல் இருந்தால் கலோரி செலவு ஏறும் என்கிறாள் சின்னவள். அளந்திருந்தால் அம்மா பிழைத்திருப்பாள் என்று சொல்லவரவில்லை. பசிக்கிறதா இல்லையா என்று வாய்விட்டுச் சொல்ல அவளால் முடியவில்லையே, அதுதான் நாலு நாளாக உறுத்துகிறது. உன்னிடம் இல்லாமல் யாரிடம் சொல்வது?

சின்னவளுக்கு இன்னும் நாலு பேர் வேண்டுமாம். உன் பெயரைக் கொடுத்துவிட்டேன். சனிக்கிழமை ராத்திரி வண்டியில் வந்துவிடு. லேபுக்குப் போகும்வரை காப்பி கேட்கக் கூடாது.

உன்
சரசு